பவுனம்மாள் வீட்டு ரோடு

கியாக்தான்,
1922 மார்ச் 21.

சௌபாக்கியவதி அம்சவேணிக்கு அப்பா சபாபதி ஆசீர்வதித்து எழுதுவது.

நான் சுகம். ரங்கூனில் நீயும் மாப்பிள்ளை நல்லையாவும் சுகமென்று நம்புகிறேன். இங்கே கடைத்தெரு எரிந்துபோன சேதி லாஞ்சில் வருகிறவர்கள் சொல்லி உங்களுக்கு முன்னமே எட்டியிருக்கும். உடனே எழுதவில்லை என்று கோபித்துக்கொள்ளாதே. உட்கார்ந்து பேனா பிடிக்க இன்றைக்குத்தான் ஒழிந்தது.

மத்தியானத்தில் பிடித்தது. யார் வீட்டு அடுப்பிலிருந்து என்று ஆளுக்கொரு விதமாகச் சொல்கிறார்கள். நான் அதை விசாரிக்க வேண்டாம் என்று சொல்லிவிட்டேன். அடுப்பில்லாத வீடு எது? காற்று ஆற்றுப் பக்கமிருந்து அடித்தது. பனையோலைக் கூரைகள் ஒன்றிலிருந்து ஒன்றுக்குத் தாவித் தாவிப் பிடித்தன. நாங்கள் குளத்திலிருந்து வரிசையாக நின்று தண்ணீர் கைமாற்றினோம். பிரயோசனமில்லை. சாயங்காலம் காற்று திரும்பியதால் மிச்சம் பிழைத்தது. பாய் விற்கிற டா எய் கிழவி மட்டும் வெளியே வரவில்லை. உன்னைச் சின்ன வயதில் மடியில் போட்டுக்கொண்டு பர்மியப் பாட்டுப் பாடுவாளே, அவள்தான். மற்றவர்கள் பகோடாவை ஒட்டிய சயாத் மடங்களில் தங்கியிருக்கிறார்கள். கமிட்டி சார்பில் கஞ்சி காய்ச்சிக் கொடுக்கிறோம்.

உன் மாமியார் பவுனம்மாள் வீட்டுக்கு ஒன்றும் ஆகவில்லை. தெருக் கோடியில், குளத்துப் பக்கம் இருந்ததால் தப்பியது. அவள் மூத்த மகன் சொக்கன் ஜவுளி மூட்டைகளை ஆற்றங்கரைக்குத் தூக்கிப் போய்விட்டுத் திரும்பக் கொண்டுவந்தான்.

இனி எழுதப்போவதை மாப்பிள்ளையும் பக்கத்தில் இருக்கும்போது படி.

ஊர்க் கமிட்டி கூடித் தீர்மானம் செய்திருக்கிறது. கடைத்தெருவைப் பழையபடி நெருக்கிக் கட்டவிடப் போவதில்லை. நடுவில், ஆற்றங்கரை முதல் குளம் வரைக்கும் நேராக ஓர் அகல ரோடு போடுகிறோம். ஒரு பக்கம் பிடித்தால் மறுபக்கம் தாவாத அகலம். கமிட்டித் தலைவன் என்ற முறையில் நான்தான் அதைக் கொண்டுவந்தேன். சர்வேக்காரர் அளந்து கோடு போட்டுவிட்டார். அந்தக் கோடு பவுனம்மாள் வீட்டின் மேல் போகிறது. ஜெட்டிக்குப் பக்கத்தில் வேறு மனை தருகிறோம். வீட்டுத் தேக்குச் சாமான்களைப் பிரித்து அங்கே மறுபடி கட்ட ஆள் தருகிறோம்.

மாப்பிள்ளையிடம் நீயே பக்குவமாகச் சொல். பவுனம்மாளிடம் நான் நேரில் போய்ச் சொல்கிறேன். சேவகன் மூலம் சொல்லியனுப்புகிற காரியமில்லை.

உன் அப்பா,
சபாபதி.


க்யிம்யிண்டைங், ரங்கூன்,
1922 ஏப்ரல் 2.

அன்புள்ள அப்பாவுக்கு அம்சவேணி அநேக கும்பிடு.

உங்கள் கடிதம் வந்தது. டா எய்யை நினைத்து இரண்டு நாள் எனக்குச் சோறு இறங்கவில்லை. நீங்கள் தண்ணீர் வரிசையில் நின்றதாக லாஞ்சு ஓட்டுகிற சாரங் ரஹ்மத்துல்லா பாய் சொன்னார். இந்த வயதில் அதெல்லாம் வேண்டாம் என்று எழுத நினைத்தேன். எழுதினால் கேட்கப் போகிறீர்களா?

உங்கள் மாப்பிள்ளை ஜெட்டி வேலை முடிந்து வந்ததும் கடிதத்தைப் படித்துக் காட்டினேன். முழுவதும் கேட்டார். "உங்கப்பா இதைத் தாமே முடிவு பண்ணினாரா, இல்லே கமிட்டி பண்ணுச்சா?" என்றார். கடிதத்தில் இருப்பதைச் சொன்னேன். மறுநாள் காலையில், "கோடுதானே, பென்சில்லே போட்டது. கொஞ்சம் தள்ளிப் போடச் சொல்லு" என்றார். கோபமாகச் சொல்லவில்லை அப்பா. கெஞ்சுகிற மாதிரிச் சொன்னார். அவர் அப்படிப் பேசி நான் கேட்டதில்லை.

அத்தைக்கு அந்த வீடு எப்படிப்பட்டது என்று உங்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. மாமா ஒவ்வொரு தூணாக வாங்கி வந்து கட்டியதை நீங்கள் பக்கத்திலிருந்து பார்த்தவர். நான் பிறந்தபோது, என்னைப் பெற்ற அமே ஜன்னியில் கிடந்ததும், அத்தை அந்த வீட்டில் வைத்துத்தான் எங்கள் இரண்டு பேரையும் காப்பாற்றியதும் நீங்கள் சொல்லித்தான் எனக்குத் தெரியும். தப்பிப் பிழைத்த வீட்டை இடிப்பார்களா? எரிந்த மனைகள் எத்தனையோ சும்மா கிடக்கின்றனவே, அவற்றின் மேல் ரோடு போகக்கூடாதா?

உங்களுக்குப் புத்தி சொல்வதாக நினைக்க வேண்டாம். என் தமிழும் நீங்கள் கற்றுக்கொடுத்த அளவுதான். அதில் எப்படிக் கேட்க முடியுமோ அப்படிக் கேட்கிறேன். கோட்டைக் கொஞ்சம் நகர்த்துங்கள் அப்பா.

உங்கள் பிரியமுள்ள மகள்,
அம்சவேணி.


கியாக்தான்,
1922 ஏப்ரல் 19.

என் கண்ணான அம்சவேணிக்கு அப்பா எழுதுவது.

உன் கடிதத்தைச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டுதான் பவுனம்மாளைப் பார்க்கப் போனேன். அங்கே நடந்த பேச்சை நடந்தபடியே எழுதுகிறேன். வேறு வாய் வழியாக நீ கேட்கவேண்டாம்.

"உக்காருங்க சம்பந்தி. காப்பி கலக்கட்டுமா?" என்றாள்.

"வேணாம்மா. ஒரு காரியமா வந்தேன்."

"தெரியும். சர்வே சங்கிலி பிடிக்கிறவன் வாசல்லே முளை அடிச்சுட்டுப் போனானே. வேற பக்கமாப் போகாதா அது?"

"போகும். போனா மா தின் மனை மேலே போகும். அவளுக்கு வீடும் எரிஞ்சுது, கடையும் எரிஞ்சுது. மூணு குழந்தைங்களோட சயாத்திலே கிடக்கிறா. மிச்சம் அந்த மண்ணுதான். அதையும் பிடுங்கினதா ஆகும்."

பவுனம்மாள் தூணைப் பிடித்துக்கொண்டாள். பிறகு, "அவ வீடு எரிஞ்சது தெய்வச் செயல்ங்கிறீங்க. என் வீடு எரியாம நின்னது மட்டும் தெய்வச் செயல் இல்லையா?" என்றாள்.

அவள் வாசலில் அடித்த முளையைத் தாண்டி வீட்டுக்கு வந்தேன்.

அம்மா, மாப்பிள்ளை சொன்னது சரிதான், பென்சில் கோடுதான். சர்வேக்காரரே இரண்டாம் தரம் வந்து, "தள்ளிப் போடட்டுமா ஐயா?" என்று கேட்டார். எனக்காகக் கேட்டார். இந்தப் பக்கம் ஒருவனுக்கு நகர்த்தினால் அந்தப் பக்கம் ஒருவன் மேல் ஏறும். எனக்குச் சம்பந்தி என்பதற்காக நகர்ந்த கோட்டை ஊர் எப்படி மதிக்கும்? ஊர்ப் பெரியவர் ஊ போ சோ போன்றவர்கள் வாய்விட்டுச் சொல்லமாட்டார்கள். மனசில் வைத்துக்கொள்வார்கள். நாளைக்கு அவர்களுடைய மனையைக் கேட்க எனக்கு வாய் வராது. வளைந்து வளைந்து போனால் ரோடு குறுகும். குறுகினால் அது போட்டும் ஒன்றுதான், போடாவிட்டாலும் ஒன்றுதான்.

மழை பிடிப்பதற்குள் பிரிக்கவேண்டும். நான் கூடவே நின்று, ஒரு மரச்சட்டம்கூட உடையாமல் இறக்கச் செய்கிறேன்.

உன் அப்பா,
சபாபதி.


க்யிம்யிண்டைங்,
1922 ஜூன் 11.

அப்பாவுக்கு,

சட்டம் ஒன்றுகூட உடையவில்லை என்று சொக்கன் சொன்னார். நீங்கள் மழையில் நனைந்துகொண்டு நின்றதாகவும் சொன்னார். ஆனால் ஜெட்டிப் பக்க மனையில் யாரும் வீடு கட்டப் போவதில்லை. சொக்கன் சாமான்களை விற்றுவிட்டு ரங்கூனிலேயே கடை பார்க்கிறார். அத்தையை இங்கே கூட்டி வந்துவிட்டோம்.

அத்தை பேசுவதில்லை. எங்கள் வீடு உங்களுக்குத் தெரியும், மாடியில் ஓர் அறை, பின்னால் சமையலுக்கு ஒரு தாழ்வாரம். அந்த அறையில் சுவரைப் பார்த்துப் படுத்திருக்கிறார்கள். சோறு கொடுத்தால் எழுந்து சாப்பிடுவார்கள். மறுபடி படுத்துக்கொள்வார்கள். சின்ன வயதில் எனக்குத் தலைவாரிப் பூ வைத்துவிட்டவர்களுக்கு இப்போது நான் தலைவாரிவிடுகிறேன்.

நீங்கள் ஊருக்குச் செய்ததெல்லாம் எனக்குத் தெரியும். குடிதண்ணீர்க் குளம் வெட்டினீர்கள். ஆஸ்பத்திரிக்குக் கட்டில் வாங்கினீர்கள். தெருவுக்கு விளக்கு வைத்தீர்கள். அமே கடைசிக் காய்ச்சலில் கிடந்த அன்றைக்கும் விளக்குக் கம்பம் நடுகிற இடத்தில்தான் நின்றீர்கள். ஆள் அனுப்பிக் கூப்பிட்டோம். நீங்கள் வருவதற்குள் அவள் போய்விட்டாள். அதை நான் இதுவரை சொன்னதில்லை.

இன்னொன்றும் சொல்கிறேன். அமே தன் ஊரைப் பற்றி எனக்குச் சொல்லியிருக்கிறாள். மின்பு பக்கத்து ஊர். சிப்பாய்கள் ஊருக்குத் தீ வைத்தபோது, தம்பியைத் தோளில் வைத்துக்கொண்டு ஆற்றில் மார்பளவு தண்ணீரில் நின்றாளாம். கரையில் சிப்பாய்கள் நின்றார்களாம். அதில் நீங்களும் ஒருவர் என்று அவளுக்குத் தெரிந்திருந்தது. அவள் அதைக் குறையாகச் சொல்லவில்லை. நான் குறையாகச் சொல்கிறேன். அன்றைக்குத் துரை உத்தரவு என்று அவள் வீட்டைக் கொளுத்தினீர்கள். இன்றைக்குக் கமிட்டி உத்தரவு என்று என் வீட்டை இடித்தீர்கள். உங்களுக்கு எப்போதும் ஓர் உத்தரவு இருக்கிறது.

இனி உங்களுக்கு எழுத வேண்டாம் என்று அவர் சொல்லியிருக்கிறார். அவர் சொல்லாவிட்டாலும் எனக்கு எழுதத் தோன்றாது.

அம்சவேணி.


கியாக்தான்,
1922 ஜூலை 2.

அம்சவேணிக்கு அப்பா ஆசீர்வாதம்.

நீ எழுதியது உண்மை. விளக்குக் கம்பம் பற்றி எழுதியதும் உண்மை. அதற்குச் சமாதானம் சொல்லப் போவதில்லை.

உத்தரவு என்று எழுதியிருக்கிறாய். அதைப் பற்றி மட்டும் சொல்கிறேன். இதுவரை நானும் உன்னிடம் முழுவதும் சொன்னதில்லை.

ஆற்காட்டில் பஞ்சத்துக்குப் பிழைத்த பையன் நான். எனக்கென்று அங்கே யாரும் மிஞ்சவில்லை. பட்டாளத்தில் இரண்டு வேளையும் சோறு போடுவார்கள் என்று சேர்ந்தேன். மதராஸிலிருந்து கப்பலேற்றி ரங்கூனில் இறக்கினார்கள். அங்கிருந்து ஆற்றோடு மேலே மாந்தளைக்குப் போனோம். பர்மா ராஜாவைப் பிடித்த அன்றைக்குச் சண்டை முடிந்தது என்று நினைத்துப் பாட்டுப் பாடினோம். சண்டை அதற்குப் பிறகுதான் வந்தது. காட்டுக்குள்ளிருந்து சுடுவார்கள். சுட்டவனைப் பிடிக்க முடியாது. அவனுக்கு அரிசி கொடுத்த ஊரைக் கொளுத்து என்று உத்தரவு வரும்.

உன் அம்மாவின் ஊரில் வடக்கு வரிசையில் தலைவன் வீட்டையும் அவன் சொந்தக்காரர் வீடுகளையும் மட்டும் கொளுத்தத்தான் சொன்னார்கள். பந்தத்தை ஓலையில் வைத்தவர்களில் நானும் ஒருவன். தை மாதக் காற்று. நாங்கள் வைத்தது நாலைந்து வீட்டுக்கு. போனது ஊர் முழுவதும், போங்கி சந்நியாசிகள் இருந்த மடத்தோடு. எரிகிற ஓலை பறவை மாதிரிப் பறந்து போய் அடுத்த கூரையில் உட்காரும். வண்டிப் பாதையைத் தாண்டிற்று. கிணற்றடியைத் தாண்டிற்று. களத்துமேடு ஒன்று அகலமாகக் கிடந்தது. அதை மட்டும் தாண்டவில்லை. களத்துக்கு அந்தப் பக்கம் இருந்த மாட்டுக்கொட்டகைகள் அப்படியே நின்றன. துரை அணைக்கச் சொல்லிக் கத்தினார். எதைக்கொண்டு அணைப்பது? கரையில் போய் நின்றோம். தண்ணீரில் பெண்கள் நின்றார்கள். ஒருத்தரும் அழவில்லை. எங்களைப் பார்த்துக்கொண்டு நின்றார்கள்.

நெருப்பு எவ்வளவு தூரம் தாவும் என்று எனக்குத் தெரியும். தெரிந்துகொண்ட விதம் நல்லதில்லை.

பட்டாளம் திரும்பிப் போனபோது நான் பட்டியலில் பெயரை வெட்டிக்கொண்டு இங்கேயே நின்றுவிட்டேன். கியாக்தான் படகுத்துறையில் காவல் வேலை கிடைத்தது. உன் அம்மா தன் மாமனோடு வெற்றிலைத் தட்டு எடுத்து வருவாள். மேல்நாட்டில் ஊர் இழந்த எத்தனையோ பேர் அப்போது இந்தப் பக்கம் வந்து பிழைத்தார்கள். ஒரு நாள், எங்கே சண்டை போட்டாய் என்று கேட்டாள். மின்பு பக்கம் என்றேன். எந்த மாதம் என்றாள். சொன்னேன். வெற்றிலைத் தட்டை அங்கேயே வைத்துவிட்டு எழுந்து போனாள். மழைக்காலம் முழுவதும் துறைப் பக்கம் வரவில்லை.

மழை விட்ட பிறகு வந்தாள். "நீ கரையிலே சும்மா நின்ன ஆளா, நெருப்பு வெச்ச ஆளா?" என்று பர்மியத்தில் கேட்டாள். வைத்த ஆள் என்றேன். "எத்தனையோ சிப்பாய்களைக் கேட்டாச்சு. எல்லாரும் நான் கரையிலே நின்னேன்னுதான் சொல்றாங்க" என்று சொல்லிவிட்டு உட்கார்ந்தாள். அப்புறம் பல வருஷம் சேர்ந்து வாழ்ந்தோம். அவள் என்னை மன்னித்தாளா என்று நான் கேட்டதில்லை. அவளும் சொன்னதில்லை.

பட்டாளத்தில் எனக்கு மேலே உத்தரவு போட ஒருவர் இருந்தார். இந்த ரோட்டுக்கு யாரும் இல்லை. நானாகப் போட்டது. அதனால் இதன் பழியும் என்னுடையதுதான், கமிட்டியுடையது இல்லை. மாப்பிள்ளை கேட்டதற்கு இதுவே பதில்.

பவுனம்மாள் காலில் விழுந்து கேட்கலாம் என்று தோன்றுகிறது. ஆனால் அதைக் கேட்டுவிட்டு ரோட்டைத் திருப்பிக் கொடுக்க எனக்கு மனமில்லையே. பிறகு எதற்காக விழுவது?

சபாபதி.


கியாக்தான்,
1923 நவம்பர் 14.

அம்சவேணிக்கு அப்பா ஆசீர்வாதம்.

உனக்குப் பெண் குழந்தை பிறந்திருப்பதாகவும் ஜெயம்மா என்று பெயர் வைத்திருப்பதாகவும் சாரங் ரஹ்மத்துல்லா சொன்னார். தலைப்பிரசவத்துக்கு அப்பன் வீட்டுக்கு வராமல் போய்விட்டாய். வந்திருந்தாலும் இங்கே உனக்குப் பத்தியம் வைத்துப் போட யார் இருக்கிறார்கள்? பவுனம்மாள் எழுந்து உட்கார்ந்து குழந்தையைக் குளிப்பாட்டுகிறாள் என்றும் அவரே சொன்னார். அதைக் கேட்டு எனக்குச் சந்தோஷம்.

பதில் வராது என்று தெரியும். என் கடிதங்களைத் திருப்பியனுப்பாமல் இருக்கிறீர்களே, அது போதும்.

ரோடு முடிந்துவிட்டது. இரு பக்கமும் புளியங்கன்று வைத்திருக்கிறோம். ஆடு கடிக்காமல் மூங்கில் கூடு போட்டிருக்கிறது. மா தின் தன் மனையில் திரும்ப மொஹிங்காச் சாப்பாட்டுக் கடை வைத்துவிட்டாள். ஓலை வேண்டாம் என்று தகரம் போட்டிருக்கிறாள். மழை பெய்தால் வாடிக்கைக்காரர் சொல்வது தன் காதில் விழவில்லை என்று என்னைத் திட்டுகிறாள்.

குழந்தைக்கு என் ஆசீர்வாதம்.

சபாபதி.


கியாக்தான்,
1925 ஜனவரி 30.

அம்சவேணிக்கு அப்பா எழுதுவது.

பவுனம்மாள் தவறிப்போன சேதி கேட்டு முதல் லாஞ்சில் ஏறி வந்தேன். என்னை நீ பார்த்தாய். நானும் உன்னைப் பார்த்தேன். பெண்கள் கூட்டத்தில் நீ நின்றாய். உன் இடுப்பில் குழந்தை இருந்தது. பேச அது நேரமில்லை.

மாப்பிள்ளை என்னை வாசலில் கண்டதும் முகத்தைத் திருப்பிக்கொண்டார். ஆனால் பாடை தூக்கும்போது ஒரு தோள் குறைந்தது. அவர் என்னைப் பார்த்து ஒதுங்கி இடம் விட்டார். நான் போய்த் தோள் கொடுத்தேன். மயானம் வரைக்கும் அவர் பின்னால் நான் நடந்தேன். அவருக்கு என் நன்றியைச் சொல்.

இங்கே ஒரு சேதி. இந்தத் தடவை கமிட்டிக்கு நியமனம் கிடையாது, ஊரார் கைதூக்கித் தேர்ந்தெடுத்தார்கள். ஊ போ சோவின் மருமகன் நின்றான். நானும் நின்றேன். அவன் ஜெயித்தான். இந்தியாவிலிருந்து வந்த கலாக்காரன் எத்தனை நாளைக்கு நமக்குத் தலைவனாயிருப்பான் என்று கூட்டத்தில் ஒருவன் கேட்டான். அவன் கேட்டதில் பிசகில்லை. ஊர் அவர்களுடையது. சாவிகளை ஒப்படைத்துவிட்டு வந்தேன். புது ஆள் மரியாதையானவன். தெருக்கோடி வரைக்கும் கூடவே வந்து, "ஊ சபாபதி, அந்த அகல ரோட்டிலே கடைங்களை வாடகைக்கு விடலாமா?" என்று கேட்டான். வேண்டாம் என்றேன். "கடைத்தெரு எரிஞ்சு மூணு வருஷம் ஆகப்போகுது. ஒரு நெருப்பும் வரலையே" என்றான்.

வரவில்லைதான். வராத ஒன்றை எப்படிக் காட்டுவது? பவுனம்மாளிடமும் கடைசிவரைக்கும் என்னால் காட்ட முடியவில்லை.

எனக்குக் கண்ணில் பூ விழுந்துவிட்டது. எழுத்து கோணலாயிருந்தால் அதனால்தான்.

அப்பா.


க்யிம்யிண்டைங்,
1926 பிப்ரவரி 7.

அன்புள்ள அப்பாவுக்கு அம்சவேணியின் கும்பிடு.

அத்தைக்கு ஆண்டுத் திவசம் போன வாரம் முடிந்தது. ஐயர் போன பிறகு இலையை எடுத்துக்கொண்டிருந்தேன். அவர் கைகழுவிவிட்டு வந்து, "இனி நீ உங்கப்பாவுக்கு எழுதலாம்" என்றார்.

உங்கள் கடிதங்கள் எல்லாம் வந்தன. தபால்காரரிடமிருந்து அவர்தான் வாங்கி வருவார். பிரிக்காமல் சாமி மாடத்துக்குப் பக்கத்தில் வைப்பார். நான் படித்தேனா என்று கேட்கமாட்டார்.

பட்டாளத்தைப் பற்றி நீங்கள் எழுதியது வந்த அன்றைக்கு அத்தை சுவர்ப் பக்கம் படுத்தபடியே, "சம்பந்தி என்ன எழுதியிருக்காரு? படி" என்றார்கள். ஊரை விட்டு வந்த பிறகு அவர்களாக வாய் திறந்தது அன்றைக்குத்தான். பயந்துகொண்டே முழுவதும் படித்தேன். முடித்துக் கடிதத்தை மடித்தேன். தூங்கிவிட்டார்கள் என்று நினைத்தேன். பிறகு, "உங்கப்பாவுக்கு நெருப்பைத் தெரியும். மனுசியைத் தெரியலே" என்றார்கள்.

அதற்குப் பிறகு கியாக்தானிலிருந்து யார் வந்தாலும் கூப்பிட்டு ரோட்டைப் பற்றிக் கேட்பார்கள். எவ்வளவு அகலம், யாரெல்லாம் போகிறார்கள், வண்டி போகுமா, குழந்தைகள் விளையாடுகிறார்களா, புளியங்கன்று பிடித்ததா. ரஹ்மத்துல்லா பாயைப் பார்த்தால் விடமாட்டார்கள். எதற்கு அத்தை கேட்கிறீர்கள், விட்டுவிடுங்கள் என்று ஒரு நாள் சொன்னேன். "என் வீட்டு மேலே யாரு நடக்கிறாங்கன்னு எனக்குத் தெரியவேணாமா?" என்றார்கள். உங்களை மன்னித்ததாக நான் எழுதினால் பொய்யாகும். மன்னிக்கவில்லை. கேட்டுக்கொண்டேயிருந்தார்கள், அவ்வளவுதான். கடைசி வாரத்தில் நினைவு தப்பும்போது, அடுக்களையில் பால் வைத்திருக்கிறேன், பார்த்துக்கொள் என்பார்கள். இந்த வீட்டு அடுக்களையைச் சொல்லவில்லை.

நானும் ரோட்டை மன்னிக்கவில்லை அப்பா. இந்தக் கடிதம் எழுத உட்காரும்போது, எல்லாம் ஆறிப்போயிற்று என்று எழுதத்தான் நினைத்தேன். எழுத வரவில்லை. அமேயும் உங்களிடம் அப்படிச் சொன்னதில்லை என்கிறீர்களே. சொல்லாமலே உங்களுக்குச் சோறு போட்டாள், என்னைப் பெற்றாள், உங்களோடு வாழ்ந்தாள். அவள் மகளுக்கும் அவ்வளவுதான் முடியும் போலிருக்கிறது.

மயானத்துக்குப் போகும்போது நீங்கள் தோள் மாற்றிக்கொள்ளவேயில்லை என்று அவர் சொன்னார். இரண்டு மூன்று பேர் கை நீட்டியும் கொடுக்கவில்லையாமே. அதைச் சொல்லிவிட்டு அவர் வெளியே போய் நின்றுகொண்டார்.

கண்ணுக்கு ஆஸ்பத்திரியில் காட்டவேண்டும். கியாக்தானில் இருந்துகொண்டு அது நடக்காது. வருகிற வியாழக்கிழமை லாஞ்சில் நான் வருகிறேன். ஜெயம்மாவும் வருகிறாள். ஒரு வாரம் அங்கே இருந்துவிட்டு உங்களையும் கூட்டிக்கொண்டு திரும்புவதாக இருக்கிறேன். வரமாட்டேன் என்று இப்போதே பதில் எழுதிவிடாதீர்கள். நேரில் சொல்லுங்கள், கேட்டுக்கொள்கிறேன். ஜெட்டிக்கு வந்து வெயிலில் நிற்க வேண்டாம். எனக்கு வழி தெரியும்.

ஜெயம்மா தமிழ் சொன்னால் புரிந்துகொள்வாள், பேசுவது பர்மியந்தான். உங்களை அப்போ என்று கூப்பிடுவாள். தாத்தா என்று சொல்லச் சொல்லி அடம் பிடிக்காதீர்கள். யாரைப் பார்த்தாலும் கை பிடித்து இழுத்து, வெளியே கூட்டிப் போ என்பாள். உங்களையும் இழுப்பாள். குளத்தைக் காட்டுங்கள், ஆற்று நடுவிலுள்ள பகோடாவுக்குப் படகில் கூட்டிப் போங்கள். ரோட்டுக்கு மட்டும் முதல் நாளே வேண்டாம். இரண்டு மூன்று நாள் போகட்டும். அப்புறம் நானும் வருகிறேன், மூன்று பேருமாகப் போகலாம்.

உங்கள் மகள்,
அம்சவேணி.